ஒட்டுக்கேட்கும் பெட்டி

கல்யாண வீடுகளில் என்னைப் பார்த்ததும் எங்கள் சொந்தக்காரர்கள் கேட்கும் முதல் கேள்வி, "இன்னும் படிச்சிக்கினுதான் கீறியா?" என்பது. வட ஆற்காட்டிலிருந்து கோலார் தங்கவயலுக்குப் போய், சுரங்கம் மூடிய பிறகு பெங்களூருக்கு வந்து ஆடுகோடியில் காலூன்றிய குடும்பம் எங்களுடையது. படிப்பு என்பது வேலைக்குப் போவதற்கு முன் முடிந்துவிட வேண்டிய சங்கதி என்பதில் எங்கள் ஆட்களுக்குச் சந்தேகமே கிடையாது. நான் கணினி அறிவியலில் ஆராய்ச்சிக்குச் சேர்ந்து சில வருஷங்கள் ஆனபோது, பெரியம்மா ஒருத்தி அம்மாவைத் தனியே அழைத்துப்போய், இவ்வளவு நாளாக ஒரே வகுப்பில் உட்கார்ந்திருக்கிறாளே, பாஸாகவில்லையா என்று விசாரித்தாள். அம்மா பொம்மசந்திராவில் கார்மெண்ட்ஸ் கம்பெனியில் தையல் மெஷினோடு பாதி ஆயுளைக் கழித்தவள். அவள் கொஞ்சமும் அசராமல், "அவ மெஷினுக்கு வைத்தியம் பாக்கக் கத்துக்கிறா" என்று சொல்லி அனுப்பிவிட்டாள்.

என் ஆராய்ச்சியை நானேகூட அவ்வளவு சுருக்கமாக எங்கேயும் சொன்னதில்லை. ஓடுகிற மெஷினுக்குள் பேரிங் கெட்டுப்போக ஆரம்பித்தால், மனிதக் காதுக்கு எட்டும் முன்பே அதன் சத்தத்தில் ஒரு மாற்றம் வரும். அந்த மாற்றத்தைக் கண்டுபிடிக்கக் கணினிக்குக் கற்றுக்கொடுப்பதுதான் எங்கள் வேலை. எங்கள் என்றால் நானும் ஹாசன்காரியான என் தோழியும். அவள் கன்னடக்காரி. எங்கள் வீட்டில் சாப்பிட்டுச் சாப்பிட்டே தமிழ் கற்றுக்கொண்டவள். ஏசி போட்ட ஆராய்ச்சிக்கூடத்தில் ஒரே ஒரு லேத் மெஷின் இருந்தது. ராஜா வீட்டுக் கன்றுக்குட்டி போல் அதைப் பார்த்துக்கொண்டோம். வேண்டுமென்றே அதன் பேரிங்கைக் கெடுப்போம், சத்தம் பதிவோம், மறுபடி நல்ல பேரிங்கை மாட்டுவோம். கணினி பிசகாமல் சொல்லிற்று. கட்டுரை எழுதினோம். வெளிநாட்டில் ஒரு மாநாட்டில் பேசினேன். கைதட்டினார்கள், தட்டி முடித்ததும் எல்லாரும் காபி குடிக்கப் போய்விட்டார்கள்.

ஆராய்ச்சிக் கட்டுரைகளின் கடைசியில், "இம்முறை தொழிற்சாலைகளுக்குப் பெரிதும் பயன்படும்" என்று ஒரு வரி எழுதுவது வழக்கம். அதை எழுதி எழுதி எனக்கே கூச்சமாகிவிட்டது. எந்தத் தொழிற்சாலைக்கு? பீன்யா தொழிற்பேட்டை எங்கள் கல்லூரியிலிருந்து ஒரு பஸ் தூரம். அங்கே ஆயிரக்கணக்கில் மெஷின்கள் ஓடுகின்றன, பேரிங் போய் நிற்கின்றன. அங்கே யாருக்கும் எங்கள் கட்டுரை தெரியாது. எனக்கு இயல்பாகவே கோபம் சீக்கிரம் வரும். அந்த நாட்களில் அது என்மேலேயே வந்துகொண்டிருந்தது.

அப்போதுதான் எங்கள் பேராசிரியர் இருவரையும் கூப்பிட்டுச் சொன்னார். எங்கள் முறையின் காப்புரிமை கல்லூரியுடையது. வெளிநாட்டு நிறுவனம் ஒன்று அதை முழுதாகத் தனக்கே எழுதித் தரும்படி கேட்டிருந்தது. கல்லூரியில் கண்டுபிடிப்புகளை வெளியே கைமாற்றிவிடுவதற்கென்றே ஓர் அலுவலகம் உண்டு. அவர்களுக்கு அதில் சம்மதம்தான். ஆனால் அந்த நிறுவனம் இதே வேலைக்கு ஏற்கெனவே ஒரு கருவி விற்கிறது, எங்களுடையதை வாங்கி அலமாரியில் வைத்துப் பூட்டத்தான் கேட்கிறது என்பது பேராசிரியரின் சந்தேகம். நாங்கள் இருவரும் ஒரு சிறு கம்பெனி தொடங்கினால் எங்களுக்கே உரிமம் வாங்கித் தரப் பார்க்கிறேன் என்றார். அதற்கு அலுவலகம் ஒரு நிபந்தனை போட்டிருந்தது. வருஷம் முடிவதற்குள் ஏதாவது ஒரு தொழிற்சாலை இதைக் காசு கொடுத்து வாங்க வேண்டும். ஆராய்ச்சிக்கூடத்து வித்தை எதுவும் கணக்கில் வராது. ஒருவரும் வாங்காவிட்டால், எங்கள் இருவரின் இத்தனை வருஷ உழைப்பும் கடல் கடந்து போய் ஏதோ ஓர் அலமாரிக்குள் உட்கார்ந்துகொள்ளும்.

பீன்யாவில் எத்தனையோ ஷெட்டுகளின் வாசலில் நின்றோம். சில இடங்களில் வாட்ச்மேனைத் தாண்டவே முடியவில்லை. கடைசியில் தண்ணீர் பம்புக்குப் பாகங்கள் கடையும் ஒரு கம்பெனியின் ஓனர், தும்கூர்ப் பக்கத்துக்காரர், சோதனை ஓட்டத்துக்கு ஒப்புக்கொண்டார். இலவசம் என்பதால் ஒப்புக்கொண்டார் என்பதில் எங்களுக்கு எந்த மயக்கமும் இல்லை. ஒரே வரிசையில் பன்னிரண்டு மெஷின்கள். ஒவ்வொன்றுக்கும் சோப்புப் பெட்டி அளவில் ஒரு பெட்டி. உள்ளே மைக், வெளியே சல்லடை போட்ட ஒரு துளை, ஒரு சின்ன விளக்கு. நலமென்றால் பச்சை, கோளாறென்றால் சிவப்போடு அலாரம். அடியில் காந்தம் இருப்பதால் மெஷினில் வைத்தால் ஒட்டிக்கொள்ளும்.

அந்த ஷெட்டின் சூப்பர்வைசரும் தங்கவயல் ஆள். ஐம்பது வயதைத் தாண்டியவர். என் தமிழைக் கேட்டதுமே, "எந்த லைன்மா?" என்றார். சுரங்கக் குடியிருப்புகளை லைன் என்றுதான் எங்கள் ஊரில் சொல்வோம். நான் சொன்னேன். அவர் தன்னுடையதைச் சொன்னார். பக்கத்துப் பக்கத்து லைன். சரி, பாதிக் கிணறு தாண்டிவிட்டோம் என்று நினைத்துக்கொண்டேன். அப்படியெல்லாம் ஒன்றும் இல்லை. அடுத்த வாரம் போனபோது எங்கள் பெட்டிகளில் பாதிக்கு மேல் கிரீஸ் துடைக்கும் துணி போர்த்தியிருந்தது.

விசாரித்ததில், ஷெட்டில் எங்கள் கருவிக்கு ஒரு பெயர் வைத்துவிட்டது தெரிந்தது. ஒட்டுக்கேக்குற பொட்டி. ஓனர் இவர்கள் பேசுவதைக் கேட்க ஆள் வைத்திருக்கிறார், அந்த ஆள் கல்லூரியில் படித்தவள் போல வேஷம் போட்டு வருகிறாள். அந்த ஆள் நான்தான். சிரிப்பாகவும் இருந்தது, எரிச்சலாகவும் இருந்தது. ஆனால் யோசித்தால் அவர்கள் சொன்னதில் நியாயம் இருந்தது. தலைக்கு மேல் யாராவது மைக் மாட்டினால் எனக்கும்தான் பிடிக்காது. அப்போது பெட்டி எல்லாச் சத்தத்தையும் அப்படியே பதிந்து கல்லூரிக்கு அனுப்பிக்கொண்டிருந்தது. எங்களுக்கு வேண்டியதோ மனிதக் குரலுக்கு வெகு மேலே இருக்கும் கீச்சென்ற சத்தம் மட்டும். குரல் இருக்கும் பகுதியைப் பெட்டிக்குள்ளேயே வெட்டி எறிந்துவிட்டு மிச்சத்தை மட்டும் வைத்துக்கொள்ளும்படி இரண்டு பேரும் உட்கார்ந்து மாற்றினோம்.

மாற்றிய பெட்டியை எடுத்துக்கொண்டுபோய் சூப்பர்வைசரிடம் ஹெட்ஃபோனைக் கொடுத்தேன். அவர் பெட்டிக்கு முன்னால் நின்று முதலில் கன்னடத்தில் ஏதோ சொன்னார், பிறகு தமிழில், பிறகு நான் இங்கே எழுத முடியாத ஒரு பாஷையில் ஓனரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொன்னார். பதிந்ததைப் போட்டுக் காட்டினேன். கிரீச்சென்ற சத்தம் மட்டும்தான் வந்தது. மறுபடி போடச் சொன்னார். அப்புறம் ஆபரேட்டர்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டு அவரவர் மனதில் இருப்பதைப் பெட்டியிடம் சொல்லச் சொன்னார். அன்று அந்த ஷெட்டில் ஓனர் வாங்கிய அர்ச்சனைக்கு அளவில்லை. துணிகள் எல்லாம் இறங்கின. பெயர் மட்டும் அப்படியே தங்கிவிட்டது.

அதற்குப் பிறகு நல்ல நாட்கள் வந்தன. பக்கத்து ஷெட்டின் பிரஸ் மெஷின் அடிக்கும் அடி, மெஷினின் சூட்டைத் தணிக்கும் கூலன்ட்டை இறைக்கும் பம்பின் இரைச்சல், யாரோ மறைத்துவைத்துக் கேட்கும் பாட்டு என்று ஆராய்ச்சிக்கூடத்தில் இல்லாத எல்லாம் அங்கே இருந்தன. எங்கள் பெட்டி ஒவ்வொன்றாகப் பழகிக்கொண்டது. மழைக்காலத்தில் ஒரு மெஷினின் பேரிங் போகப்போகிறது என்று முன்கூட்டியே சொல்லிற்று, அது சரியாகவும் இருந்தது. ஓனர் முதல் முறையாக எங்களுக்கு டீ வாங்கிக் கொடுத்தார். விஜயதசமி அன்று பர்ச்சேஸ் ஆர்டரில் கையெழுத்துப் போடுகிறேன், புது விஷயத்துக்கு அதைவிட நல்ல நாள் இல்லை என்றார். பேராசிரியரிடம் போய்ச் சொன்னோம். அவர் அலுவலகத்துக்கு எழுதிவிட்டார். நானும் அவளும் கம்பெனிக்குப் பெயர் யோசிக்க ஆரம்பித்துச் சண்டைகூடப் போட்டுக்கொண்டோம்.

ஆயுத பூஜைக்கு எங்களையும் அழைத்திருந்தார்கள். வெளியூர்க்காரர்களுக்கு இது புரியாது, பீன்யாவில் அந்த நாள் வந்தால் ஊரே வேறு ஊராகிவிடும். முந்தின நாளே மெஷின்களை நிறுத்திக் கழுவி, கம்ப்ரஸர் காற்றால் ஏர் பிடித்து, பழைய கூலன்ட்டைக் கொட்டிப் புதுசு ஊற்றி, கிரீஸ் வைத்து, பெல்ட் இறுக்கி, பெயிண்ட் போன இடத்தில் பெயிண்ட்கூட அடித்திருந்தார்கள். வாசலில் வாழைக்கன்று. இத்தனை மாதமும் எண்ணெய்ச் சட்டையில் பார்த்த ஆட்கள் எல்லாம் வெள்ளைச் சட்டையில் நின்றார்கள். சூப்பர்வைசர் சந்தனக் கிண்ணத்தோடு வரிசையாகப் போனார். மெஷினுக்கு ஒரு பொட்டு, டூல் ரேக்குக்கு ஒரு பொட்டு, எடை போடும் தராசுக்கு, ஓனர் காருக்கு, ஆபீஸ் கம்ப்யூட்டருக்கு, முதலுதவிப் பெட்டிக்கு, டீ பிளாஸ்குக்கும் வைத்தார். எங்கள் பெட்டி வந்தபோது மட்டும் கை அதைத் தாண்டிப் போயிற்று. பன்னிரண்டு தடவையும் தாண்டிற்று.

கேட்டிருக்க வேண்டாம். எனக்கு வாய் நிற்காது, கேட்டுவிட்டேன். அவர் சாதாரணமாகச் சொன்னார். "அது காலேஜோடதும்மா. நம்பளுதுக்குத்தான் வெப்போம்."

அவர் குத்திச் சொல்லவில்லை என்பது தெரியும். இருந்தாலும் பொரியும் கடலையும் வாயில் கொஞ்சம் கசந்தது. நாளைக்குக் கையெழுத்து ஆகட்டும், அப்புறம் பார்க்கலாம் என்று மனதைத் தேற்றிக்கொண்டேன்.

மறுநாள் விஜயதசமி. நல்ல நேரம் பார்த்து மெஷின்களைக் கொஞ்ச நேரம் ஓட்டிவிட்டு மூடுவது அங்கே வழக்கம். ஓனர் குடும்பத்தோடு வந்திருந்தார். மாமனார் வீட்டு ஆட்களும் வந்திருந்தார்கள். அவர்களிடம் எங்களைக் காட்டி, இவர்கள் செய்த பெட்டி மெஷினுக்கு என்ன வியாதி என்று சொல்லிவிடும் என்று பெருமையாகச் சொன்னார். கற்பூரம் காட்டி, பூசணிக்காய் உடைத்து, முதல் மெஷினை ஓடவிட்டார்கள். அதன் பெட்டி சிவப்பாகி அலற ஆரம்பித்தது. இரண்டாவதும் அலறியது. வரிசை முழுக்க ஓடவிட்டு முடிந்தபோது பன்னிரண்டு பெட்டிகளும் ஒருசேர அலறிக்கொண்டிருந்தன. ஓனரின் மகள் காதைப் பொத்திக்கொண்டு அழுதாள். மாமனார், பூஜை நாளில் இது என்ன அபசகுனம் என்று எல்லார் காதிலும் விழும்படியே கேட்டார்.

நானும் தோழியும் ஓடி ஓடிப் பெட்டிகளை அணைத்தோம். ஓனரின் முகத்தைப் பார்க்கவே முடியவில்லை. அவர் கத்தவில்லை, கத்தியிருந்தால் தேவலை என்று தோன்றிற்று. "நாளைக்கி வந்து எல்லாத்தையும் எடுத்துக்கிட்டுப் போயிடுங்க. நமக்கு பேடாம்மா" என்றார். வேண்டாம் என்பதை அவர் எப்போதும் கன்னடத்தில்தான் சொல்வார், அது முடிந்த முடிவு என்று அர்த்தம். சூப்பர்வைசர் எங்கள் பக்கத்தில் வந்து, கிண்டலா பரிதாபமா என்று பிரிக்க முடியாத ஒரு குரலில், நன்றாய்க் குளித்துவிட்டு நிற்கிற மெஷினைப் பார்த்து ஜுரம் என்கிறதே உங்கள் பொட்டி என்றார்.

வெளியே டீக்கடை பெஞ்சில் போய் உட்கார்ந்தோம். எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. பெட்டிமேல் கோபம், பூசணிக்காய்மேல் கோபம். அவள்மேலும் எரிந்து விழுந்தேன். அவள் லேப்டாப்பைத் திறந்து காலையில் பதிந்ததைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கொஞ்சம் கழித்து, "எல்லா கிராஃபும் ஒரே பக்கமாத்தான் நகர்ந்திருக்கு, பாரு" என்றாள்.

பார்த்தேன். உண்மைதான். எங்கள் முறை ஒவ்வொரு மெஷினிடமும் ஒரே கேள்வியைத்தான் கேட்கும். நேற்று இருந்த மாதிரியே இன்றும் இருக்கிறாயா? பூஜைக்குப் பிறகு ஒரு மெஷினும் நேற்று மாதிரி இருக்காது. அழுக்கு போய்விட்டது, புது கூலன்ட், புது கிரீஸ், இறுக்கிய பெல்ட். சத்தமே மாறிவிட்டது. எங்கள் கணினி இத்தனை மாதமும் அழுக்கு மெஷினின் சத்தத்தைக் கேட்டு அதுதான் ஆரோக்கியம் என்று கற்றுவைத்திருந்தது. தீபாவளி காலையில் தெருவே எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு நிற்கும்போது, ஏன் நேற்று மாதிரி இல்லை என்று வீடு வீடாகக் கதவைத் தட்டிக் கேட்பவனை என்ன செய்வது? எங்கள் பெட்டி அதைத்தான் செய்திருந்தது. உலகத்தில் வேறெங்கும் எல்லா மெஷினையும் ஒரே நாளில் குளிப்பாட்டிப் பொட்டு வைக்கிற வழக்கம் இல்லாததால், நாங்கள் படித்த எந்தக் கட்டுரையிலும் இந்தச் சிக்கல் இல்லை. சின்ன வயதிலிருந்து சைக்கிளுக்கும் தையல் மெஷினுக்கும் பொட்டு வைத்து வளர்ந்த எங்களுக்கே தோன்றவில்லை, அந்தக் கட்டுரைகளை எழுதியவர்களுக்கு எப்படித் தோன்றும்?

அப்படியானால் கேள்வியை மாற்ற வேண்டும். நேற்று மாதிரி இருக்கிறாயா என்பதோடு, பக்கத்தில் இருக்கிறவர்கள் மாதிரி இருக்கிறாயா என்றும் கேட்க வேண்டும். வரிசையே சேர்ந்து மாறினால் அது குளியல். ஒருத்தர் மட்டும் தனியாக மாறினால்தான் நோய். அதே பெஞ்சில் உட்கார்ந்து அவள் எழுதினாள், நான் சரிபார்த்தேன். கடைக்காரர் இரண்டு முறை கிளாஸை எடுக்க வந்து திரும்பிப் போனார். காலையில் பதிந்ததை மறுபடி ஓட்டினோம். ஒவ்வொன்றாகப் பச்சைக்கு வந்தன. வரிசையின் கடைசி மெஷின் மட்டும் சிவப்பிலேயே நின்றது. கணக்கை வேறு விதமாகப் போட்டுப் பார்த்தோம். அது நகரவில்லை.

எனக்குச் சந்தோஷமும் பயமும் ஒன்றாக வந்தன. அந்த மெஷினில் உண்மையிலேயே கோளாறு இருந்தால் நாங்கள் தப்பித்தோம். இல்லையென்றால் வெளிநாட்டு அலமாரிதான்.

மறுநாள் காலை ஷிப்டு தொடங்கும்போதே போய் நின்றோம். எங்கள் பெட்டிகளையெல்லாம் கழற்றி ஒரு பிஸ்கட் அட்டைப்பெட்டியில் போட்டு வாசலிலேயே வைத்திருந்தார்கள். ஓனரிடம், கடைசி மெஷினைத் திறந்து பாருங்கள் என்றேன். நேற்று பன்னிரண்டும் கெட்டது என்றாய், இன்று ஒன்று என்கிறாய், நாளை எது என்று கேட்டார். கேட்கத்தான் செய்வார். மெஷினைத் திறந்தால் பாதி நாள் வேலை போகும், ஆர்டர் நிற்கும் என்றும் சொன்னார். சூப்பர்வைசருக்கு அதைவிடக் கோபம். அந்த மெஷினைச் சுத்தம் செய்தது அவரே. வேறு யார் கையும் படவில்லை, அதில் என்ன குறை கண்டுபிடித்தாய் என்றார். பக்கத்து லைன், சொந்த ஊர் எல்லாம் அந்த நேரத்தில் எங்கே போயிற்றோ தெரியவில்லை.

நான் விடவில்லை. அம்மா சொல்வாள், பிடித்தால் உடும்பு என்று. நேற்று எங்கள் பெட்டி ஏன் அலறியது என்பதை ஒரு கணக்கு இல்லாமல், குளியலையும் ஜுரத்தையும் வைத்தே சொன்னேன், சூப்பர்வைசர் கொடுத்த உவமைதானே. நாங்கள் எங்கே பிசகினோம் என்பதையும் மறைக்காமல் சொன்னேன். பதினொரு பேர் குளித்த மாதிரியே இருக்கிறார்கள், இவன் மட்டும் குளித்த பிறகு இருமுகிறான் என்றேன். சூப்பர்வைசர் போய் அந்த மெஷின்மேல் கையை வைத்துப் பார்த்தார். பிறகு ஓனரிடம் திரும்பி, மதியம்வரை நேரம் கொடுங்கள் என்றார். என்னிடம், "தொறக்கறேன். ஒண்ணும் இல்லைன்னா அந்த அட்டப்பொட்டிய எடுத்துக்கினு போயிக்கினே இரு. மறுபடி இந்தப் பக்கம் வரக்கூடாது" என்றார். சரி என்றேன்.

ஸ்பிண்டில் என்பது பொருளைப் பிடித்துச் சுழற்றும் தண்டு. அதைத் தாங்கும் பேரிங் உள்ளே மூடிக்குப் பின்னால் இருக்கும். அவர் மூடியைக் கழற்றும்வரை நான் அவர் கையை மட்டும்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். தோழி என் தோளைப் பிடித்த பிடியில் மறுநாள்வரை வலி இருந்தது. மூடி வந்தது. புதுசாக வைத்த கிரீஸ் வெள்ளையாக இருக்க வேண்டும். அது சாம்பல் நிறத்தில் மினுமினுத்தது. அவர் ஒரு விரலால் தொட்டு, கட்டைவிரலோடு தேய்த்துப் பார்த்தார். பொடிப்பொடியாக இரும்புப் பிசிறு. பூஜைக்காகச் சுத்தம் செய்யும்போது கம்ப்ரஸர் காற்றை ரொம்பக் கிட்டத்தில் பிடித்ததில், வெளியே இருந்த பிசிறு மூடியின் இடுக்கு வழியாக உள்ளே போய்விட்டது. இன்னும் கொஞ்ச நாள் ஓடியிருந்தால் பேரிங்கோடு தண்டும் போயிருக்கும்.

 அவர் எழுந்து கையைத் துடைத்துக்கொண்டு நேரே ஓனரிடம் போனார். "நான்தான் சார் ஏர் புடிச்சேன். பளபளன்னு இருக்கட்டும்னு கிட்டக்க புடிச்சிட்டேன். பொண்ணு சொன்னது கரெக்டு" என்றார். அதைச் சொல்ல அவருக்கு எந்தக் கட்டாயமும் இல்லை. பிசிறு எப்படிப் போயிற்றென்று தெரியவில்லை என்று சொல்லியிருந்தால் அது அத்தோடு முடிந்திருக்கும். இன்றைக்கும் அந்த மனுஷனை நினைத்தால் எனக்கு நெஞ்சு நிறைகிறது.

ஓனர் அந்தக் கிரீஸைத் தானும் விரலில் எடுத்துப் பார்த்தார். அப்புறம் அட்டைப்பெட்டியைத் தானே தூக்கிக்கொண்டு வந்து எங்கள் முன்னால் வைத்து, எங்கெங்கே இருந்ததோ அங்கங்கே ஒட்டிவிடுங்கள் என்றார். விஜயதசமி போய்விட்டதே, நல்ல நாள் இல்லையே என்று நான் சும்மா இராமல் சீண்டினேன். மெஷின் தப்பித்த நாள் நல்ல நாள்தான் என்று சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

அந்தப் பர்ச்சேஸ் ஆர்டரைக் கல்லூரி அலுவலகத்தில் கொண்டுபோய் வைத்தபோது, அங்கிருந்த அதிகாரி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஓர் ஓரத்தில் கிரீஸ் கறை இருந்தது. மன்னிக்கவும் என்றேன். கூட வந்திருந்த பேராசிரியர் குறுக்கிட்டு, ஆராய்ச்சிக்கூடத்திலிருந்து வந்த எந்தத் தாளிலும் இப்படி ஒரு கறையை நான் பார்த்ததில்லை, அதற்கு எதற்கு மன்னிப்பு என்றார். உரிமம் எங்களுக்கு வந்தது. வெளிநாட்டு நிறுவனம் தன் அலமாரிக்கு வேறொன்றைத் தேடிப் போயிற்று. பிறகு இதைப் பற்றி நாங்கள் எழுதிய கட்டுரையில் ஆயுத பூஜைக்கென்று ஒரு பத்தி ஒதுக்கினோம். அதைப் படித்துத் தீர்ப்பு சொல்லவேண்டிய யாரோ ஒருவர், மெஷின்களுக்குப் பழமும் பூவும் வைப்பதன் பொறியியல் காரணம் என்ன என்று கேட்டு எழுதியிருந்தார். காரணம் எதுவும் இல்லை, எங்கள் ஊர் அப்படி என்று பதில் போட்டோம். கட்டுரை வெளிவந்தது.

எங்கள் கம்பெனிக்கு இப்போது பீன்யாவிலேயே ஓர் அறை இருக்கிறது. கீழே வெல்டிங் கடை, மேலே நாங்கள். சண்டை போட்ட பெயர்களில் அவள் சொன்னதுதான் ஜெயித்தது, அது வேறு கதை. கல்லூரியில் கைதட்டு வாங்கிய அந்த முறை இன்று பெரிய பெரிய ஷெட்டுகளில் இரவும் பகலும் காது கொடுத்துக்கொண்டிருக்கிறது. இதில் எனக்குப் பெருமைதான். அடக்கமாகச் சொல்ல எனக்கு வராது. தங்கவயல் லைன் வீட்டில் பிறந்தவள் யோசித்த ஒன்று, அதே தங்கவயல் ஆட்கள் நின்று வேலை செய்யும் மெஷினில் உட்கார்ந்து, அவர்கள் காப்பாற்ற வேண்டியதைக் காப்பாற்றுகிறது. இதற்கு மேல் ஒரு பட்டம் எனக்கு வேண்டாம்.

அடுத்த வருஷ ஆயுத பூஜைக்குப் பன்னிரண்டு மெஷின் ஷெட்டுக்குப் போக முடியவில்லை. பொம்மசந்திராவில் ஒரு புதுக் கம்பெனி அழைத்திருந்தது, அம்மாவையும் கூட்டிக்கொண்டு அங்கே போயிருந்தேன். கற்பூரம் காட்டிக்கொண்டிருக்கும்போது என் போன் அதிர்ந்தது. பீன்யா ஷெட்டிலிருந்து எச்சரிக்கை. முதல் பெட்டிக்குக் காது கேட்கவில்லை. கொஞ்சம் கழித்து இரண்டாவதற்கும் கேட்கவில்லை. பிறகு மூன்றாவது, நான்காவது. யாரோ வரிசையாக நடந்துபோய் ஒவ்வொன்றின் காதையும் அடைப்பது போல் வந்துகொண்டே இருந்தது. மறுபடியும் பூஜை நாளில்தானா! வெளியே ஓடிவந்து சூப்பர்வைசருக்குப் போன் போட்டேன்.

மேளச் சத்தத்துக்கு நடுவே அவர் நிதானமாகத்தான் பேசினார். பெட்டிகளை யாராவது தொட்டார்களா என்று கேட்டேன்.

"நான்தாம்மா தொட்டேன். சந்தனம், குங்குமம் வெச்சேன்."

"எங்கண்ணா வெச்சீங்க?"

"நடுவுலதான். சல்லட மாதிரி ஓட்ட கீது பாரு, நெத்தி மாதிரி, அங்க. ஏன், வெக்கக்கூடாதா? நம்பளுதுக்குத்தான வெப்போம்."

உடனே துடைத்துவிடுங்கள், சந்தனம் காய்ந்தால் மைக் போய்விடும் என்று சொல்ல வேண்டும். அதைச் சொல்வதுதான் என் தொழில். "இருக்கட்டும்ணா, நாளைக்குத் தொடச்சிக்கலாம்" என்றேன். அம்மா வந்து என்ன கோளாறு என்று கேட்டாள். பன்னிரண்டும் சிவப்பாக இருந்த போனை அவளிடம் காட்டினேன்.